பதினாலு பவுண்டுக்கு ஒரு மோரிஸ்

அட்டையில் பிக் பென். பின்னால் சூரியன் இறங்குகிறது, தேம்ஸ் நதி ஆரஞ்சு நிறத்தில் மினுங்குகிறது, பாராளுமன்றக் கட்டடம் கல்யாண ஆல்பத்து மாப்பிள்ளை மாதிரி நிமிர்ந்து நிற்கிறது. மேலே 'நியூஸ் ஃப்ரம் நோவேர்' என்று கொட்டை எழுத்து. கீழே எழுதியவர் பெயர், வில்லியம் மோரிஸ், பத்தொன்பதாம் நூற்றாண்டு ஆங்கிலேய சோஷலிஸ்ட், அலங்கார வடிவமைப்பாளர்.

சோஷலிசம் வந்துவிட்ட எதிர்கால இங்கிலாந்தைப் பற்றிய இந்த நாவலைப் படித்தவர்களுக்கு இப்போதே சிரிப்பு வந்திருக்கும். கதை நடக்கும் காலத்தில் அந்தக் கட்டடத்தை இடிக்காமல் விட்டுவைத்திருக்கிறார்கள். எதற்கு என்றால், எரு கொட்டி வைக்க. கதையில் அதற்குப் பெயரே எருச் சந்தை. அட்டை போட்டவர் உள்ளே ஒரு பக்கம்கூடப் புரட்டவில்லை என்பது பார்சலைப் பிரித்த நிமிடமே தெரிந்துவிட்டது.

விலை 13 பவுண்டு 99 பென்ஸ். நம் ஊர்க் காசுக்கு ஆயிரத்தைந்நூறு ரூபாய்க்கு மேல். கம்பெனியின் பெயரை எழுதப்போவதில்லை. ஒன்றைச் சொன்னால் அது மட்டும்தான் மோசம் என்று ஆகிவிடும். இதே வேலையைப் பல பெயர்களில் செய்கிறார்கள். காப்புரிமை முடிந்த பழைய புத்தகத்தின் ஸ்கேனை எடுத்துக்கொள்வது, எழுத்துகளை மெஷினை விட்டே படிக்கச் சொல்வது, ஆர்டர் வரும்போது ஒரு பிரதி அடித்து அனுப்புவது. வாங்குவதற்கு முன் எதைப் பார்க்க வேண்டும் என்று தெரிந்தால் உங்கள் காசாவது மிஞ்சும், அதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

என்னைப் பற்றியும் இரண்டு வார்த்தை. 1978இல், பத்தொன்பது வயதில், ராயப்பேட்டையில் ஒரு ட்ரெடில் பிரஸ்ஸில் (காலால் மிதித்து ஓட்டும் அச்சு இயந்திரம்) கம்பாசிட்டராக, அதாவது ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாக எடுத்து வரி கோப்பவராகச் சேர்ந்தேன். தமிழும் ஆங்கிலமும் கோப்பேன். கல்யாணப் பத்திரிகை, பில் புக், பள்ளிக்கூடக் கேள்வித்தாள், அவ்வப்போது ஒரு கவிதைப் புத்தகம். டி.டி.பி. என்ற கம்ப்யூட்டர் அச்சுக்கோப்பு வந்து ஈயம் போன பிறகு புரூஃப் ரீடர் ஆனேன். ஓய்வுபெற்று ஆறு வருஷமாகிறது. இன்றைக்கும் ஹோட்டல் மெனு கார்டைக் கையில் கொடுத்தால் முதலில் பிழைதான் கண்ணில் படும், அப்புறம்தான் தோசை. இது ஒரு வியாதி என்று மகள் சொல்வாள்.

மகள் இருப்பது வடகிழக்கு லண்டனில், வால்தம்ஸ்டோ. மூன்று மாதம் பேத்தியோடு இருக்கலாம் என்று வந்தேன். முதல் ஞாயிற்றுக்கிழமை எல்லாருமாக லாய்ட் பார்க்குக்குப் போனோம். பார்க்கின் வாசலிலேயே பெரிய பழைய வீடு ஒன்று, வில்லியம் மோரிஸ் காட்சியகம். மோரிஸ் சிறுவனாக இருந்தபோது, 1848 முதல் 1856 வரை, அவர் குடும்பம் அதில் குடியிருந்தது. அனுமதி இலவசம். கூட்டமும் இல்லை. சுவர்க்காகிதம், திரைச்சீலை, நாற்காலி எல்லாம் அழகுதான், ஆனால் நான் நின்றது வேறு இடத்தில். கண்ணாடிக்குள் ஒரு தோல் பை இருந்தது. சோஷலிசக் கூட்டங்களுக்குப் போகும்போது துண்டுப் பிரசுரங்களை அதில்தான் போட்டு எடுத்துப் போவாராம். எங்கள் பிரஸ்ஸுக்கு வரும் யூனியன்காரர் தோளிலும் இப்படி ஒன்று தொங்கும். உள்ளே நோட்டீஸ் கட்டு, வெற்றிலைப் பொட்டலம், ஒரு குடை. பேத்தி, "பாட்டி, இந்தத் தாத்தா இதுல என்ன வெச்சிருந்தாரு?" என்று கேட்டாள். "படிக்கிறதுக்குப் பேப்பர்" என்றேன். அதைக் கேட்டுக்கொண்டிருந்த மகள் அங்கேயே போனை எடுத்து ஆர்டர் போட்டுவிட்டாள், என் பிறந்தநாளுக்கு. மூன்றாம் நாள் பிக் பென் வந்து இறங்கியது.

சரி, உள்ளே போவோம்.

எழுத்து ஏரியல். நாவலுக்கு ஏரியல் போடுவது பட்டுப்புடவைக்கு சேஃப்டி பின் குத்துவது மாதிரி, குத்தலாம், ஆனால் வெளியே தெரியக் கூடாது. அளவு ஒன்பது பாயிண்ட் இருக்கும். நான்கு பக்கமும் ஒரே மார்ஜின், அரை அங்குலத்துக்கும் குறைவு. புத்தகத்தை விரித்துப் பிடித்தால் உள்பக்கத்து வார்த்தைகள் முதுகுப் பசைக்குள் ஒளிந்துகொள்கின்றன. முதுகை நெரித்துத்தான் படிக்க வேண்டும். பத்தாம் பக்கத்திலேயே ஒரு தாள் கழன்று வந்துவிட்டது.

அப்புறம் பிழைகள். ஆங்கிலத்தில் 'ஆர்', 'என்' இரண்டு எழுத்தும் நெருங்கி நின்றால் மெஷின் கண்ணுக்கு அது 'எம்'. அதனால் 'மாடர்ன்' என்று மோரிஸ் எழுதிய இடத்தில் 'மோடம்' இருக்கிறது. 1890இல் மோடம்! கை என்று வரவேண்டிய ஒரு சொல், எழுத்து மாறி, உடம்பின் வேறொரு பாகமாக அச்சாகியிருக்கிறது. அதை இங்கே எழுத முடியாது. ஒரு பெண் ஒருவரைத் தழுவி வரவேற்கும் அழகான இடத்தில் போய் இப்படி. மூலப் பதிப்பின் பக்கத் தலைப்புகள் வேறு பத்திகளுக்கு நடுவே வந்து விழுகின்றன. ஆற்றில் சால்மன் மீன் வலையைப் பற்றிப் பேசிக்கொண்டே வருகிறார்கள், திடீரென்று 'ஓய்வின் யுகம்' என்று ஒரு வரி, ஒரு பக்க எண், மறுபடியும் மீன். 'ஓர் ஓய்வின் யுகம்' என்பது நாவலின் துணைத் தலைப்பு என்று தெரியாதவர்கள் இது ஏதோ நவீன உத்தி என்று நினைப்பார்கள்.

சிவப்புப் பேனாவை எடுத்துவிட்டேன். பழக்கதோஷம். முதல் நாற்பது பக்கத்தில் 131 திருத்தம். எங்கள் பிரஸ்ஸில் முதல் புரூஃபில் இவ்வளவு வந்திருந்தால் முதலாளி, கோத்த எழுத்து வைக்கும் 'கேலி' தட்டையே தூக்கித் தரையில் கொட்டியிருப்பார்.

மாப்பிள்ளை நல்லவர், சமாதானம் சொல்லப் பார்த்தார். "அத்தை, அந்தக் காலத்து சோஷலிஸ்ட் புத்தகம்தானே. அப்பவும் மலிவா, அவசரமா அடிச்சுத்தான் வித்திருப்பாங்க. அதே ஸ்பிரிட்னு வெச்சுக்கோங்க." இந்த வாதத்தைப் பல பேர் சொல்வார்கள் என்பதால் இதற்குப் பதில் சொல்லியாக வேண்டும். மலிவாக இருந்தது உண்மை. மோசமாக இருந்தது என்பது பொய்.

இந்த நாவல் முதலில் புத்தகமாக வரவில்லை. 'காமன்வீல்' என்ற வாரப் பத்திரிகையில் 1890 ஜனவரி 11 முதல் அக்டோபர் 4 வரை தொடராக வந்தது. பத்திரிகையின் விலை ஒரு பென்னி. சோஷலிஸ்ட் லீக் என்ற சின்னஞ்சிறு கட்சி நடத்திய பத்திரிகை அது. 1885 பிப்ரவரியில் மாத இதழாகத் தொடங்கி, 1886 மே மாதம் முதல் வாரம் ஒருமுறை வந்தது. நஷ்டத்துக்கு மோரிஸ் தன் கைக்காசைப் போட்டார், எழுதினார், ஆசிரியராக இருந்தார், தெருவில் நின்று விற்கவும் விற்றார். அச்சுக்கூடத்தைப் பார்த்துக்கொண்டவர் தாமஸ் பின்னிங் என்ற கம்பாசிட்டர். அந்தப் பத்திரிகையின் ஸ்கேன் படங்கள் இணையத்தில் கிடைக்கின்றன. ஒரு ராத்திரி உட்கார்ந்து பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன். காகிதம் சாதாரணம், பத்திகள் நெருக்கம், எழுத்து பொடி. ஆனால் வரிகள் ஒழுங்காகக் கட்டியிருக்கின்றன. பின்னிங்கின் ஆட்கள் ஸ்டிக்கில், அதாவது வரி கோக்கும் கைச்சட்டத்தில், ஸ்பேஸை எப்படிப் பிரித்துப் போட்டிருப்பார்கள் என்பது என் விரலுக்குத் தெரிகிறது. வாரம் தவறாமல், காசில்லாத கட்சிக்கு, ஒரு பென்னிக்கு அவ்வளவு சுத்தமாகச் செய்திருக்கிறார்கள். என் பதினாலு பவுண்டு பிரதியில் அந்தச் சுத்தத்தில் பத்தில் ஒரு பங்கு இருந்திருந்தால் நான் இதை எழுத உட்கார்ந்திருக்க மாட்டேன்.

ஒரு விஷயத்தில் மட்டும் மாப்பிள்ளை சொன்னது தற்செயலாகச் சரி. இந்த நாவலின் முதல் புத்தகப் பதிப்பே திருட்டுப் பதிப்புதான். தொடர் முடிந்த கையோடு, 1890லேயே, பாஸ்டனில் ராபர்ட்ஸ் பிரதர்ஸ் என்ற கம்பெனி மோரிஸைக் கேட்காமலே புத்தகமாகப் போட்டுவிட்டது. அப்போது அமெரிக்கச் சட்டம் வெளிநாட்டு எழுத்தாளரைப் பாதுகாக்கவில்லை. மோரிஸ் தொடரைத் திருத்தி, சேர்க்க வேண்டியதைச் சேர்த்து, லண்டனில் ரீவ்ஸ் அண்ட் டர்னர் மூலம் வெளியிட்டது 1891இல். காகித அட்டைப் பிரதி ஒரு ஷில்லிங். அதாவது பன்னிரண்டு பென்னி.

அடுத்த வருஷம்தான் வேடிக்கை. அதே நாவலை மோரிஸ் தன்னுடைய சொந்த அச்சகத்தில் கோக்கச் சொன்னார். கெல்ம்ஸ்காட் பிரஸ், 1891இல் ஹாமர்ஸ்மித்தில் ஆற்றங்கரையை ஒட்டி ஒரு சிறிய வீட்டில் தொடங்கியது. எழுத்து அவரே வரைந்த 'கோல்டன்' டைப். காகிதம் கென்ட்டில் ஜோசப் பேச்சலர் கையால் செய்தது. மை ஜெர்மனியிலிருந்து, ஹானோவர் நகரத்து யானெக்கே கம்பெனியுடையது. மெஷின் கிடையாது, கையால் இழுக்கும் ஆல்பியன் பிரஸ். முகப்பில் கெல்ம்ஸ்காட் மேனர் வீட்டின் படம், மரக்கட்டையில் செதுக்கியது. காகிதத்தில் 300 பிரதிகள், விலை இரண்டு கினி. கன்றுத்தோலில் 10 பிரதிகள், பத்து கினி. ஒரு கினி என்பது 21 ஷில்லிங்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். லண்டன் கம்பாசிட்டர்களுக்கு 1891இல் சங்கம் வாங்கிக்கொடுத்த வாரக்கூலி 38 ஷில்லிங். இரண்டு கினி என்றால் 42 ஷில்லிங். பணமே இல்லாத உலகத்தைப் பற்றிய புத்தகத்தைக் கோத்தவர், ஒரு வாரம் முழுக்கச் சாப்பிடாமல் இருந்தாலும் அதை வாங்க முடியாது. மோரிஸைத் திட்டுகிறவர்கள் இதைச் சொல்லித்தான் திட்டுவார்கள். அப்போதே திட்டினார்கள்.

எனக்கென்னவோ முழுசாகத் திட்ட வரவில்லை. நான் கோத்த புத்தகம் எதையும் நானும் காசு கொடுத்து வாங்கியதில்லை, வாங்கும் நிலையும் இருந்ததில்லை. ஆனால் கோக்கும்போது கையில் இருப்பது நல்ல டைப்பா தேய்ந்த டைப்பா, ஃபாரம் (கோத்த பக்கங்களை இறுக்கிய சட்டம்) நேராக நிற்கிறதா, முதலாளி அவசரப்படுத்தாமல் விடுகிறாரா என்பதெல்லாம் சின்ன விஷயம் இல்லை. எங்கள் பிரஸ்ஸில் 'ழ' டைப் மட்டும் மூக்கு உடைந்தே இருக்கும். புதுசு வாங்கித் தரச் சொல்லி நான்கு வருஷம் கேட்டேன். 'தமிழ்' என்று வரும் இடத்திலெல்லாம் எனக்கு வயிறு எரியும். தன் வேலையைத் தானே நல்லது என்று சொல்லிக்கொள்ளும்படி ஒருவர் வேலை செய்ய வேண்டும், அதற்குத்தான் சோஷலிசம் என்று மோரிஸ் நினைத்தார். நாவல் முழுக்க இதுதான். புரட்சியைவிட அதிகமாக, படகு ஓட்டுவதையும் புல் அறுப்பதையும் பைப் செதுக்குவதையும்தான் எழுதியிருக்கிறார்.

கெல்ம்ஸ்காட் பிரஸ் தொழிற்சங்கத்து ஆட்கள் வேலை செய்த இடம். 'காமன்வீல்' அச்சுக்கூடத்திலிருந்த அதே தாமஸ் பின்னிங் இங்கேயும் வந்து சேர்ந்தார், தொழிலாளர் தலைவராகவும் இருந்தார். இன்னொரு பெயரும் எனக்குக் கிடைத்தது, அதற்காகவே இந்தப் புத்தகம் வாங்கியதை மன்னிக்கலாம். பிரஸ் தொடங்கியபோது வேலைக்கு வந்தவர் வில்லியம் பௌடன் என்ற வயதான அச்சுக்காரர். அவர் மகனும் வந்தார். மகளும் வந்தார், திருமதி பைன், கம்பாசிட்டராக. 1892இல் லண்டன் கம்பாசிட்டர் சங்கம் முதல்முறையாக ஒரு பெண்ணை உறுப்பினராகச் சேர்த்துக்கொண்டது. அது அவர்தான். பெண்களைக் குறைந்த கூலிக்கு வைத்து ஆண்களின் கூலியைக் குறைத்துவிடுவார்கள் என்று பயந்துகொண்டு, ஆணுக்குத் தரும் அதே கூலி தந்தால்தான் சேர்ப்போம் என்பது சங்கத்தின் நிபந்தனை. எனக்கு 1978இல் பக்கத்து கேஸில் (எழுத்துப் பெட்டி) நின்ற அண்ணனைவிட மாதம் நாற்பது ரூபாய் குறைவு. "அவருக்குக் குடும்பம் இருக்கும்மா" என்றார் முதலாளி. எனக்கும் அம்மாவும் இரண்டு தம்பிகளும் இருந்தார்கள்.

கெல்ம்ஸ்காட் பக்கம் ஒன்றை எப்படிப் பார்க்க வேண்டும் என்று சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நம் புத்தகங்களையும் அதே மாதிரி பார்க்கலாம். வால்தம்ஸ்டோ காட்சியகத்தில் கெல்ம்ஸ்காட் அடித்த, பழைய ஆங்கிலக் கவிஞர் சாசரின் பெரிய புத்தகம், 1896இல் வந்தது, கண்ணாடிக்குள் விரித்து வைத்திருக்கிறது. முதலில் ஓரத்துப் பூவேலையில்தான் கண் போகும். அதை விட்டுவிட்டு வெள்ளையைப் பாருங்கள். இரண்டு சொல்லுக்கு நடுவே எவ்வளவு வெள்ளை? மிகக் குறைவு, ஒரு எழுத்தின் அகலத்துக்கும் கீழே. ஸ்பேஸ் அதிகம் போட்டால் பக்கத்தில் மேலிருந்து கீழாக வெள்ளைக் கோடு ஓடும். நாங்கள் 'ரிவர்' என்போம். அந்தப் பக்கத்தில் ஒரு சொட்டுத் தண்ணீர்கூடக் கசியவில்லை. அப்புறம் மார்ஜின். முதுகை ஒட்டி உள்பக்கம் மிகக் குறைவு, மேலே கொஞ்சம் கூட, வெளிப்பக்கம் அதைவிடக் கூட, அடியில் எல்லாவற்றையும்விட அதிகம். ஒன்றிலிருந்து அடுத்ததற்கு ஐந்தில் ஒரு பங்கு கூடிக்கொண்டே போக வேண்டும் என்பது பழைய கையெழுத்துப் பிரதிகளை அளந்து கண்டுபிடித்த கணக்கு. புத்தகத்தைப் பிடிக்கக் கட்டைவிரலுக்கு இடம் வேண்டுமே! அதுதான் அடியில் இருக்கும் வெள்ளை. என் பிரதியில் கட்டைவிரல் எப்போதும் இரண்டு வரியை மறைத்துக்கொண்டேதான் இருக்கிறது.

விலை விவகாரத்தை விட்டுவிட மனசில்லை. அந்தப் பத்துப் பதினைந்து வருஷத்தில் ஆங்கிலத்தில் வந்த சோஷலிசப் புத்தகங்களை விலைவாரியாக அடுக்கினால் தனிக் கதையே வரும். மார்க்ஸின் 'மூலதனம்' முதன்முதலாக ஆங்கிலத்தில் 1887இல் வந்தது, ஸ்வான் சோனன்ஷைன் போட்டது, இரண்டு பாகம், 30 ஷில்லிங். தொழிலாளிக்கு எட்டாக்கனி. ஃபேபியன் சங்கம் என்ற சோஷலிஸ்ட் குழுவின் கட்டுரைத் தொகுப்பு 1889 கடைசியில் ஆறு ஷில்லிங்குக்கு ஆயிரம் பிரதி போட்டார்கள், மளமளவென்று தீர்ந்துபோனது, உடனே ஒரு ஷில்லிங் பதிப்பு. பெர்னார்ட் ஷா தொகுத்தது. எழுதிய ஏழு பேரில் ஒருவர் அன்னி பெசன்ட். ஆமாம், நம் பெசன்ட் நகர்தான். சென்னையில் முக்கால்வாசிப் பேருக்கு அவர் ஒரு பஸ் டெர்மினஸ். 1888இல் அரைப் பென்னிக்கு 'தி லிங்க்' என்று ஒரு பத்திரிகை நடத்தி, பிரையண்ட் அண்ட் மே தீப்பெட்டித் தொழிற்சாலைப் பெண்களின் கூலியை அதில் அம்பலப்படுத்தியவர் என்பது நமக்குத் தெரியாது.

எல்லாவற்றுக்கும் அப்பன் 'மெர்ரி இங்கிலாண்ட்'. ராபர்ட் பிளாட்ச்ஃபோர்ட் தன்னுடைய 'கிளாரியன்' வாரப் பத்திரிகையில் ஓல்டாம் ஊர் ஜான் ஸ்மித் என்ற கற்பனைத் தொழிலாளிக்கு எழுதிய கடிதங்கள். முதலில் ஒரு ஷில்லிங். 1894இல் ஒரு பென்னிக்குக் கொடுத்தார். லட்சக்கணக்கில் போனது. பேசுகிற மாதிரியே எழுதியிருப்பார், மோரிஸ் மாதிரி அலங்காரம் கிடையாது. படிக்க ஆரம்பித்தால் கீழே வைக்க முடியாது, ஆனால் மறுபடி எடுக்கத் தோன்றாது. மோரிஸ் அதற்கு நேர் எதிர். நாவலின் நடுவில், பழைய வரலாறு சொல்லும் கிழவர் ஹாமண்ட் பேசிக்கொண்டே போகும் அத்தியாயங்களில் நான் இரண்டு தரம் தூங்கிவிட்டேன். ஆனாலும் படகுப் பயணம் மனசிலேயே நிற்கிறது.

இதெல்லாம் சீமைக் கதை, நமக்கென்ன என்று கேட்பீர்கள். அதே காலத்தில், 1882 முதல் 1888 வரை, சென்னையில் 'தத்துவவிவேசினி' என்று தமிழ்ப் பத்திரிகை வந்துகொண்டிருந்தது. சென்னை லௌகிக சங்கத்தார் நடத்தியது, ஆங்கிலத்தில் 'தி திங்கர்' என்று ஒரு ஜோடியும் உண்டு. லண்டனில் சார்லஸ் பிராட்லா நடத்திய நாத்திக சங்கத்தோடு அவர்களுக்குத் தொடர்பு இருந்தது. அந்தப் பிராட்லாவும் பெசன்ட்டும் 1877இல் ஆறு பென்ஸ் விலையில் கருத்தடைப் புத்தகம் ஒன்றை வெளியிட்டதற்காகக் கோர்ட்டில் நின்றவர்கள். 'தத்துவவிவேசினி'யை நம் காலத்தில் பேராசிரியர் வீ. அரசு தேடித் தொகுத்துப் பெரிய பெரிய தொகுதிகளாகக் கொண்டுவந்தார், நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் போட்டது. பழைய புத்தகத்தை மறுபடி அச்சுக்குக் கொண்டுவருவது எப்படி என்பதற்கு அது ஒரு உதாரணம். மனிதர் யாராவது உட்கார்ந்து படிக்க வேண்டும். வேறு வழி கிடையாது.

என் பிரதியை யாரும் படிக்கவில்லை என்பதற்கு இரண்டு சாட்சி வைத்திருக்கிறேன்.

முதல் சாட்சி, ஒரு வருஷ எண். கதைசொல்லி ஹாமர்ஸ்மித்தில் தன் வீட்டில் தூங்கி, எதிர்காலத்தில் கண்விழிக்கிறார். வீடு இருந்த இடத்தில் இப்போது விருந்தினர் மண்டபம். சுவரில் ஒரு கல்வெட்டு: இந்த இடத்தில்தான் ஒருகாலத்தில் ஹாமர்ஸ்மித் சோஷலிஸ்டுகளின் உரைக்கூடம் இருந்தது, அந்த நினைவுக்காக ஒரு கோப்பை அருந்துங்கள், மே 1962. அந்த உரைக்கூடம் கற்பனை இல்லை. மோரிஸ் வீட்டின் வண்டிக்கொட்டகைதான் அது. ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அங்கே கூட்டம் நடக்கும், ரஷ்யப் புரட்சியாளர் கிரபோட்கின், ஷா எல்லாம் வந்து பேசியிருக்கிறார்கள். பத்துப் பதினைந்து பேர் பெஞ்சில் உட்கார்ந்து கேட்கும் தன் கொட்டகைக்கு எழுபது வருஷம் தள்ளி ஒரு கல்வெட்டு எழுதி வைத்துக்கொள்கிறார் மனிதர். ஜெயித்தோம் என்பதற்கு அந்தத் தேதி ஒன்றுதான் அடையாளம். என் பிரதியில் 'மே 1062' என்று இருக்கிறது. இரண்டாம் ராஜேந்திர சோழன் காலத்திலேயே புரட்சி முடிந்துவிட்டது போலிருக்கிறது.

இரண்டாவது சாட்சி, பதிமூன்றாம் அத்தியாயம். மொத்தம் 32 அத்தியாயத்தில் இதுதான் மிகச் சின்னது, 'அரசியலைப் பற்றி' என்று தலைப்பு. உங்கள் அரசியல் எப்படி என்று கதைசொல்லி கேட்கிறார். அரசியல் விஷயத்தில் நாங்கள் சௌக்கியம், ஏனென்றால் அது எங்களிடம் இல்லை என்கிறார் கிழவர். இதை என்றைக்காவது புத்தகமாக எழுதினால் இந்த அத்தியாயத்தைத் தனியாகவே போடு என்றும் சொல்கிறார். கதைசொல்லி சரி என்கிறார். அவ்வளவுதான், அத்தியாயம் முடிந்தது. மோரிஸ் செய்த நல்ல ஜோக்குகளில் இது ஒன்று. என் பிரதியில் பன்னிரண்டுக்கு அப்புறம் நேராகப் பதினான்கு. இவ்வளவு சின்னதாக ஒரு அத்தியாயம் இருக்கும் என்று மெஷினுக்குத் தோன்றவில்லை, ஏதோ அடிக்குறிப்பு என்று நினைத்து விழுங்கிவிட்டது. தனியாகப் போடச் சொன்னதைத் தனியாகவே தூக்கிவிட்டார்கள்.

புகார் கொடுத்தேன். மகள்தான் ஆங்கிலத்தில் தட்டினாள், நான் பக்க எண்களைச் சொன்னேன். மறுநாள் பதில் வந்தது. பணத்தைத் திருப்பிப் போட்டுவிட்டோம், புத்தகத்தை அனுப்ப வேண்டாம், நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். கஸ்டமர் சர்வீசுக்கு ஐந்துக்கு ஐந்து கொடுக்கலாம். அவர்களுக்கே அந்தப் பிரதி திரும்ப வேண்டாம் என்பது எனக்குக் கொஞ்சம் அவமானமாகத்தான் இருந்தது. அட்டைக்குப் பூஜ்யம், கட்டுமானத்துக்கு ஒன்று, அச்சுக்கோப்பு என்று ஒன்று நடக்கவே இல்லாததால் அதற்கு மார்க் போட முடியாது.

நாவலைப் படிக்கத்தான் வேண்டும் என்றால் வழி இருக்கிறது. பெங்குயின் கிளாசிக்ஸில் மோரிஸின் மற்றச் சில எழுத்துகளோடு சேர்த்து ஒரு பதிப்பு உண்டு, குறிப்புகளோடு. ஹை ஸ்ட்ரீட்டில் ஒரு தர்மக்கடையில் அதன் பழைய பிரதி இரண்டு பவுண்டுக்குக் கிடைத்தது. யாரோ ஒரு மாணவர் பென்சிலால் அடிக்கோடு போட்டிருக்கிறார், முப்பதாம் பக்கத்துக்கு மேல் கோடு இல்லை. காசே செலவழிக்க வேண்டாம் என்றால் பிராஜெக்ட் குட்டன்பெர்க் என்ற இணைய நூலகத்தில் இலவசம். நம் விக்கிமூலத்தில் பிள்ளைகள் ராத்திரி ராத்திரியாக மெய்ப்புப் பார்க்கிறார்களே, அந்த மாதிரி முகம் தெரியாதவர்கள் செய்யும் வேலை. அடுத்து வாங்குகிறவர்கள் ஆர்டர் போடும் முன் மாதிரிப் பக்கத்தைத் திறந்து பாருங்கள். பதிப்பாசிரியர் பெயர் இருக்கிறதா, எந்த வருஷப் பதிப்பை வைத்து அடித்தது என்று போட்டிருக்கிறதா என்று பாருங்கள். இரண்டும் இல்லையென்றால் நகர்ந்துவிடுங்கள்.

பிக் பென் பிரதியைத் தூக்கிப் போட மனம் வரவில்லை. 131 திருத்தம் போட்டாயிற்று, பாதியில் விட்ட புரூஃப் மாதிரி அது மேஜையில் கிடந்து கண்ணை உறுத்திக்கொண்டே இருந்தது. நேற்று மத்தியானம் பெங்குயினைப் பார்த்து, பதிமூன்றாம் அத்தியாயத்தை ஒரு துண்டுக் காகிதத்தில் பேனாவால் எழுதினேன். சின்ன அத்தியாயம், பத்து வரிக்குள் அடங்கிவிட்டது. நான்கு பக்கமும் மோரிஸ் கணக்குக்கு வெள்ளை விட்டு எழுதினேன், அடியில் கட்டைவிரலுக்கு இடம். பேத்தியின் ஸ்கூல் பசையைக் கடன் வாங்கி, பன்னிரண்டுக்கும் பதினான்குக்கும் நடுவில் ஒட்டி, மேலே ஆவக்காய் ஊறுகாய் பாட்டிலைத் தூக்கி வைத்திருக்கிறேன், காயட்டும்.